காலி முகவரிக்குப் போன கமோடு

எங்கள் ஆபீசில் புரோகிராம் படுத்துவிட்டால் முதலில் அலறுவது என் மேசைப் போன்தான். கடைசியாகச் சேர்ந்தவள் தலையில் போனைக் கட்டுவது அங்கே எழுதாத சட்டம். புரோகிராமை எழுதியவர்கள் வேறு, திட்டு வாங்குகிறவள் நான்.

குளியலறைச் சாமான் விற்கிற ஒரு கம்பெனிக்காக ஓடுகிற ஜாவா புரோகிராம் அது. குழாய், வாஷ்பேசின், பாத்டப், கமோடு. கடையில் ஆர்டர் எடுப்பதிலிருந்து கிடங்கில் லாரி ஏற்றுவதுவரை எல்லாம் அதன் வழியாகத்தான். தினமும் கூட்ட நேரத்தில், சொல்லி வைத்த மாதிரி, அது மண்ணைக் கவ்வும்.

"ஏம்மா, இங்க கஸ்டமர் கமோடு மேல உக்காந்துக்கிட்டு பில்லுக்கு வெயிட் பண்றாரு. மூடி போட்டுத்தான் உக்காந்திருக்காரு, இருந்தாலும் பாக்க நல்லாவா இருக்கு?"

காரணம் எப்போதும் ஒன்றேதான்: நல். ஒரு பெட்டிக்குள் எதுவுமே இல்லை என்றால் ஜாவாவில் அதற்கு நல் என்று பெயர். பெயரில் இருக்கிற நல்லது நடத்தையில் கிடையாது. காலிப் பெட்டி என்று தெரியாமல் திறந்து, "இதில் உள்ள தெருப் பெயரைக் கொடு" என்று கேட்டால் புரோகிராம் நின்ற இடத்திலேயே மல்லாந்துவிடும்.

போன் எடுத்து எடுத்துக் காது சிவந்துபோய்த்தான் நான் அந்தக் கருவியைக் கொண்டுவந்தேன். நாம் எழுதுவதை மெஷினுக்குப் புரிகிற மாதிரி மாற்றுவது கம்பைலர். அதன் தோளில் ஏறி உட்கார்ந்துகொள்கிற கருவி இது. ஒவ்வொரு வரியையும் பார்த்து, "இந்தப் பெட்டி காலியாக இருக்கலாமே, அப்போது என்ன செய்வாய்?" என்று கேட்கும். பதில் சொல்லும்வரை புரோகிராமை வெளியே விடாது. கடையில் விழ வேண்டியது நம் மேசையிலேயே விழுந்துவிடும். அவ்வளவுதான். இதில் கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது.

"யாருப்பா இந்த மாமியாரைக் கூட்டிட்டு வந்தது?" என்றார் டீம் லீடு.

அன்றிலிருந்து கருவிக்கு மாமியார் என்று பெயர். டீம் லீடுக்கு ஏற்கெனவே சமாளி என்று பெயர். எந்தச் சிக்கல் வந்தாலும் "சமாளிச்சிடலாம்" என்பார். அவருடைய கீபோர்டில் காப்பி, பேஸ்ட் பண்ணுகிற எழுத்துகள் மட்டும் தேய்ந்து வழவழவென்றிருக்கும்.

மாமியார் வந்த முதல் நாளே கம்பைலர் நூறு பிழைகளைக் கொட்டியது. அதற்குமேல் காட்டாது. அதன் வழக்கம் அது, நூறோடு வாயை மூடிக்கொள்ளும். நான் சரிசெய்யச் சரிசெய்ய, பின்னால் வரிசையில் நிற்கிற பிழைகள் முன்னால் வந்து நூறை நிரப்பும். இது மேனேஜருக்குப் புரியவே இல்லை.

"முந்தாநாள் நூறு. நேத்து நூறு. இன்னைக்கும் நூறு. நீ என்னதான் பண்றே?"

"சார், பின்னாடி நிறைய இருக்கு. கம்பைலர் நூறுதான் காட்டும்."

"அப்ப அதை அம்பதுதான் காட்டச் சொல்லு. பாதி வேலை முடிஞ்ச மாதிரி இருக்கும்ல?"

சத்தியமாக இதைச் சொன்னார்.

புதன்கிழமை என்னைக் கூப்பிட்டு ஒரே போடாகப் போட்டார். "வெள்ளிக்கிழமை பூஜ்யம் பிழை. இல்லைன்னா உங்க மாமியாரை வழியனுப்பிடு. அடுத்த வாரம் உன் ப்ரொபேஷன் முடியுதுல்ல? அதையும் அப்படியே சேர்த்து யோசிச்சுக்கலாம்."

அவருக்கு அது யோசனை. எனக்கு அது கக்கூஸ்.

விளக்கமாகச் சொல்கிறேன். நாங்கள் இருக்கிற மாடியில் ஆறு வீட்டுக்கு ஒரு கழிப்பறை. காலையில் அம்மா வாளியை வைத்து இடம் பிடித்தால்தான் நான் நேரத்துக்கு ஆபீஸ் போக முடியும். இரண்டு தெரு தள்ளி ஒரு வீடு பார்த்திருக்கிறோம். உள்ளேயே குளியலறை, உள்ளேயே எல்லாம். வீட்டுக்காரர் அப்பாவின் காவலாளி வேலையை நம்பத் தயாராக இல்லை. என் வேலை நிரந்தரம் என்று கம்பெனி கடிதம் கொடுத்தால் சாவி தருவதாகச் சொல்லிவிட்டார். இந்த மாதம் முடியும்வரைதான் காத்திருப்பாராம்.

"என்னடி, வேலை நிலைச்சிடுமா?" என்று அன்றிரவு அம்மா கேட்டாள்.

"பிழை எல்லாம் தீர்ந்தா நிலைச்சிடும்."

"நீ என்ன வேலைதான் பாக்கிறே? பக்கத்து வீட்டுல கேட்டா கம்ப்யூட்டர்னு சொல்லி வச்சிருக்கேன். அதுக்கு மேல கேட்டா இருமிடறேன்."

"தப்பு நடக்கிறதுக்கு முன்னாடியே கண்டுபிடிச்சுச் சொல்றதும்மா."

"இதுக்கா படிச்சே? உங்கப்பா கடைக்குக் கிளம்பும்போதே என்ன மறந்துட்டு வருவாருன்னு நான் சொல்லிடுவேனே."

நான் ஒவ்வொரு பிழையாக உட்கார்ந்து தீர்த்துக்கொண்டிருந்தேன். "இந்த இடத்தில் முகவரி ஏன் காலியாக இருக்கிறது?" என்று கேட்டால் ஆபீசில் ஒருவருக்கும் தெரியவில்லை. எழுதியவர் எப்போதோ வேலையை விட்டுப் போயாகிவிட்டது. கடைகளுக்குப் போன் போட்டுக் கேட்டேன். வாடிக்கையாளர் தானே கடைக்கு வந்து எடுத்துக்கொள்வதாகச் சொன்னால் முகவரியைக் காலியாக விடுவார்களாம். எங்கே அனுப்புவது என்று அவர் இன்னும் முடிவு செய்யவில்லை என்றாலும் காலியாக விடுவார்களாம். இரண்டு விஷயத்துக்கும் ஒரே காலி. ஒரு மனுஷன் "வர்றேன்" என்பதற்கும் "தெரியலை" என்பதற்கும் ஒரே மாதிரி சும்மா இருந்தால் யார்தான் என்ன செய்வது?

வெள்ளிக்கிழமை மதியம் சாப்பிட்டுவிட்டு வந்து பார்த்தேன். பூஜ்யம் பிழை. திரை முழுக்கப் பச்சை.

"எப்படிண்ணா?" என்றேன்.

சமாளி அண்ணன் பல் குத்திக்கொண்டே, "அனுபவம், தங்கச்சி. நீ ஒவ்வொருத்தர் வீட்டுக் கதவா தட்டிக் கேட்டுக்கிட்டிருந்தே. நான் வெளியில இருந்தே பூட்டைப் போட்டுட்டேன்" என்றார்.

"என்ன பண்ணீங்கன்னு ஒரு தடவை பாத்துக்கட்டுமா?"

"ஜெயிச்சதைத் தோண்டாதே. செடி செத்துடும்."

நான் தோண்டுவதற்குள் மேனேஜர் கைதட்டி, புரோகிராமை அன்று சாயங்காலமே எல்லாக் கடைகளுக்கும் அனுப்பிவிட்டார். சமாளி அண்ணனுக்குக் கைகுலுக்கல். எனக்கு, "உன் விஷயம் பாக்கலாம்மா."

பார்க்கலாமாம். என்ன, சினிமாவா?

திங்கட்கிழமை என் போன் அடிக்கவே இல்லை. இறந்துவிட்டதோ என்று எடுத்துக் காதில் வைத்துப் பார்த்தேன். ஒரு கடையிலும் புரோகிராம் விழவில்லை. அதற்குப் பதிலாக மேனேஜரின் கைப்பேசி அடித்தது. அவர் எப்போதும் ஸ்பீக்கரில் போட்டுத்தான் பேசுவார். குடும்பம் மொத்தமும் எங்களுக்குப் பழக்கம்.

"ஏங்க, கமோடு ஆர்டர் பண்ணீங்களா?" என்றது அவர் மனைவியின் குரல்.

"இல்லையே."

"வாசல்ல இறக்கி வச்சிட்டுப் போயிருக்காங்க. உங்க பேரு, நம்ம அட்ரஸ், லிஃப்டுக்குப் பக்கத்து வீடுன்னுகூடப் போட்டிருக்கு."

மேனேஜர் ஒரு நிமிஷம் யோசித்தார். பிறகு அவர் முகம் அப்படியே மலர்ந்தது. "ஓ, புரிஞ்சிடுச்சு. கம்பெனிக்காரங்க அனுப்பியிருக்காங்க. போன வாரம் நாங்க செஞ்ச வேலைக்கு மரியாதை. உள்ள எடுத்து வை."

"மரியாதைக்கு யாராவது கமோடு அனுப்புவாங்களா?"

"அவங்ககிட்ட அதானே இருக்கு?"

சமாளி அண்ணன் எழுந்து நின்று கைதட்டினார். நான் தட்டவில்லை.

செவ்வாய்க்கிழமை மரியாதை அதிகமானது. காலையில் இரண்டு வாஷ்பேசின். மதியத்துக்குள் நாலைந்து கமோடு, அதில் ஒன்று நீலக் கலர். சாயங்காலம் அவர் மனைவி ஒரு படம் அனுப்பினார். வராந்தா நெடுக வெள்ளை வெளேரென்று கமோடுகள் வரிசை கட்டி நின்றன. முதல் கமோடின் மூடிமேல் மேனேஜரின் மாமனார் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார்.

"அக்கம்பக்கத்துல கடை போட்டிருக்கீங்களான்னு கேக்கறாங்க. எதிர் வீட்டு அம்மா அந்த நீலத்தைக் கேக்கறா, குடுத்துடவா?"

"எதையும் தொடாதே! யாருக்கும் குடுக்காதே!"

"தொடாம எப்படிங்க வீட்டுக்குள்ள போறது? தாண்டித் தாண்டி என் முட்டி போச்சு."

புதன்கிழமை காலை டெஸ்டர் அக்கா என்னிடம் வந்தாள். எங்கள் புரோகிராமை ஓட்டிப் பார்த்துக் குறை சொல்வது அவள் வேலை. குறை சொல்வதில் அவளுக்குச் சம்பளத்துக்குமேல் ஒரு ஆனந்தம் உண்டு.

"கடைங்கள்ல இருந்து இப்ப வேற பஞ்சாயத்துடி. வந்து எடுத்துக்கறேன்னு சொன்ன கஸ்டமர் எல்லாம் வந்து நிக்கறாங்களாம், சாமான் கடைக்கே வரலையாம். இங்க வராத சாமான், அங்க வாசல்ல வந்து குவியுது. நான் ஒன்னும் சொல்லலைப்பா."

நான் சமாளி அண்ணன் எழுதியதைத் திறந்தேன். இரண்டே நிமிஷம்தான். முகவரி காலி என்று மாமியார் கேட்ட ஒவ்வொரு இடத்திலும் அவர் ஒரே பதிலைக் காப்பி பேஸ்ட் செய்திருந்தார்: காலியாக இருந்தால் இந்த முகவரியை வைத்துக்கொள். சும்மா ஒரு பொய் முகவரியைப் போட்டுவிட முடியாது. கதவு எண், தெரு, மாடி, போன் என்று எல்லாம் நிரம்பியிருந்தால்தான் மாமியார் ஒத்துக்கொள்வாள். எல்லாம் நிரம்பிய ஒரே முகவரி எங்கள் டெஸ்ட் டேட்டாவில்தான் இருந்தது. புரோகிராம் ஆரம்பித்த காலத்தில், மாதிரிக்கு ஒன்று இருக்கட்டும் என்று மேனேஜரே தன் வீட்டு முகவரியை லிஃப்ட் அடையாளத்தோடு போட்டு வைத்திருந்தார்.

சமாளி அண்ணனையும் கூட்டிக்கொண்டு மேனேஜர் அறைக்குள் போய்ச் சொன்னேன். கேட்டு முடித்ததும் அவர் மேசையை ஒரு தட்டுத் தட்டினார்.

"இதுக்குத்தான் நான் தலைதலையா அடிச்சுக்கிட்டேன், இந்தக் கருவியே வேணாம்னு! இது வந்த நேரம் என் வீடு கக்கூஸாயிடுச்சு. எடுத்து எறி அதை. உன்னைச் சொல்லணும் முதல்ல!"

எனக்குச் சுர்ரென்று ஏறியது. "சார், கருவி கேள்விதான் கேட்டுச்சு. அதுக்கு உங்க வீட்டைக் காட்டினது இவரு."

சமாளி அண்ணன் கூரையைப் பார்த்தார்.

"கேள்வி வந்தா பதில் தேடணும். வாயில துணியை வச்சு அடைச்சிட்டு, பாரு எவ்வளவு அமைதின்னு கைதட்டினா? கை தட்டினது யாரு சார், நானா?"

டெஸ்டர் அக்கா வாசலில் நின்றுகொண்டு, "நானும் தட்டலை" என்றாள்.

அதற்குள் கைப்பேசி மறுபடி அடித்தது. இந்த முறை மனைவி இல்லை, கிடங்குக்காரர். சாயங்கால லாரியில் ஒரு ஹோட்டலுக்கான பாத்டப் மொத்தமும் ஏற்றுகிறார்களாம். "நாலு பேர் சேந்து தூக்கணும். உங்க லிஃப்டுல போகுமா சார், இல்ல மாடிப்படி வழியா ஏத்தணுமா?"

மேனேஜர் நாற்காலியில் அப்படியே சரிந்தார். "ஏத்தாதீங்க! நிறுத்துங்க!"

"சிலிப்புல அட்ரஸ் இருக்கே சார். சிலிப்பு மாறினா நாங்க மாறுவோம். நீங்க வாயால சொன்னா எப்படி? அன்னைக்கு ஒருத்தர் வாயால சொன்னாருன்னு இறக்கினோம், மூணு நாள் பஞ்சாயத்து." வைத்துவிட்டார்.

"பழைய புரோகிராமையே திருப்பிப் போடு" என்றார் மேனேஜர் ஈனக் குரலில்.

"போட்டாலும் பிரயோஜனம் இல்லை சார். வெள்ளிக்கிழமை சாயங்காலத்துல இருந்து எடுத்த ஆர்டர்ல எல்லாம் உங்க அட்ரஸ் பதிஞ்சாச்சு. பழசுக்கு அது நிஜ அட்ரஸாத்தான் தெரியும்."

சமாளி அண்ணன் கூரையிலிருந்து இறங்கினார். "சிம்பிள் சார். அந்த அட்ரஸை மட்டும் மாத்திடலாம். வேற யார் வீடாவது போட்டுட்டா உங்க பிரச்சினை சமாளிச்சாச்சு."

"யார் வீடு?"

இரண்டு பேரும் மெதுவாக என்னைப் பார்த்தார்கள்.

"எங்க மாடியில ஆறு வீட்டுக்கு ஒன்னுதான் இருக்கு" என்றேன். "தாராளமா அனுப்புங்க. ஆனா எங்கம்மா திருப்பித் தரமாட்டாங்க, இப்பவே சொல்லிட்டேன்."

டெஸ்டர் அக்கா சிரிப்பை அடக்க வெளியே ஓடினாள்.

"சரி, நீதான் சொல்லேன். என்ன பண்றது?" என்றார் மேனேஜர்.

"பண்ணலாம். சாயங்கால லாரிக்கு முன்னாடியே பண்ணலாம். அதுக்கு முன்னாடி நீங்க ஒன்னு சொல்லுங்க. நான் இந்த வேலையில இருக்கேனா, இல்லையா?"

"அதை அப்புறம் பேசிக்கலாம்மா."

"சார், இந்த ஆபீஸ் பண்ற தப்பே இதுதான். வர்றேன்னும் சொல்றதில்லை, வரலைன்னும் சொல்றதில்லை. காலியா விட்டுட்டு எவளாவது புரிஞ்சுக்குவாள்னு விட்டுடறது. எனக்கு ஒன்னு ஆமா, இல்லைன்னா இல்லை. ரெண்டுல ஒன்னு சொல்லுங்க, கீபோர்டைத் தொடறேன்."

அவர் என்னை முறைத்தார். கைப்பேசி மேசையில் நடுங்கியது. மனைவி. எடுக்கவில்லை. மறுபடி நடுங்கியது.

"இருக்கே" என்றார். "இருக்கேம்மா, தாயே. உக்காரு."

என் மேசைக்குப் போய் உட்கார்ந்தேன், அவர்கள் பின்னாலேயே வந்தார்கள். 'காலி' என்கிற பேச்சையே ஒழித்தேன். ஒரு ஆர்டர் இனி மூன்றே வகையில் ஒன்றாகத்தான் இருக்க முடியும்: வீட்டுக்கு அனுப்புவது, கடையில் வந்து எடுப்பது, இன்னும் சொல்லாதது. வீட்டுக்கு என்றால்தான் முகவரி, மற்ற இரண்டுக்கும் முகவரி என்ற பெட்டியே கிடையாது. மேனேஜர் முகவரி ஏறிய ஆர்டர்கள் எல்லாம் 'இன்னும் சொல்லாதது' வகைக்குப் போகும், கடைக்காரர்கள் ஒவ்வொன்றாகக் கேட்டுச் சொல்ல வேண்டியது.

"சார், நிஜமாவே உங்க வீட்டுக்குன்னு ஏதாவது ஆர்டர் பண்ணியிருக்கீங்களா? அது ஒன்னை விட்டுடணும்."

அவர் தலையைச் சொறிந்தார். "ஒரு ஷவர்... அவங்க நமக்குக் குடுக்கிற தள்ளுபடில."

"கலர்?"

"அது எதுக்கு?"

"எதுக்கும் இல்லை. சும்மா கேட்டேன்."

கம்பைலரை ஓட்டினேன். மூன்று வகையையும் யோசிக்காத இடங்களெல்லாம் சிவப்பாக எரிந்தன. கண்ணில் பட்டதும் சமாளி அண்ணனின் கை தானாக நீண்டது. பிழையைக் காட்டாதே என்று கம்பைலரிடம் சொல்லி வைக்கிற ஒரு வரி உண்டு. அவர் விரல்களுக்கு அது மனப்பாடம்.

பளாரென்று ஒரு அடி. மேனேஜர்.

"கையை எடுய்யா! அது ஏதோ கேக்குது. என்ன கேக்குதுன்னு படி!"

"இன்னும் அட்ரஸ் சொல்லாத சாமானை லாரியில ஏத்தலாமான்னு கேக்குது சார்" என்றேன்.

"கூடாது! கூடவே கூடாது!"

"அப்ப கிடங்குல எத்தனை நாள் வச்சிருக்கலாம்? அதைக் கடையிலதான் கேக்கணும்."

"யாரு கேக்கறது?"

நான் என் போனைத் தூக்கி அவர் முன்னால் வைத்தேன்.

கடைக்காரர்கள் எப்படித் திட்டுவார்கள் என்பது அன்றுதான் மேனேஜருக்குத் தெரிந்தது. "ஆமாங்க... தப்புதாங்க... இல்லைங்க, அவர் கமோடு என் வீட்டுல பத்திரமா இருக்குங்க... யாரும் உபயோகிக்கலைங்க, மூடிதாங்க போட்டிருக்கு..." ஒவ்வொரு சிவப்பு வரிக்கும் ஒரு போன். போனை வைத்துவிட்டுக் கடைக்காரர் சொன்னதை அவர் சொல்வார், நான் எழுதுவேன், சமாளி அண்ணன் எதையும் தொடாமல் கையைக் கட்டிக்கொண்டு நிற்பார். அது அவருக்குப் பெரிய தண்டனை. கம்பைலர் கேட்கிற கேள்விக்கு முதலில் முகம் சுளித்த மேனேஜர், கடைசியில் தானே திரையைக் குனிந்து பார்த்து, "இங்க பாரு, கேன்சல் ஆன ஆர்டரை மறந்துட்டோம்ங்குது. விவரமானதுதான் இது" என்று சொல்ல ஆரம்பித்துவிட்டார்.

லாரி கிளம்புவதற்குக் கொஞ்சம் முன்னால் பச்சை வந்தது. இந்தப் பச்சையை நானும் தோண்டிப் பார்த்தேன், டெஸ்டர் அக்காவும் தோண்டிப் பார்த்தாள். அவள் ஒரு குறையும் சொல்ல முடியாமல் வருத்தத்தோடு போனாள். புது சிலிப்பு போனதும் கிடங்கிலிருந்து அழைப்பு.

"மேடம், பாத்டப் உங்க மேனேஜர் வீட்டுக்கு இல்லையா? கடைக்குன்னு வருது."

"கடைக்குத்தான். ஹோட்டல்காரங்களே வந்து எடுத்துக்கறாங்களாம்."

"அடடா. தினம் போய்ப் பழகிட்டோம். அந்தப் பெரியவர் நல்லா பேசுவாரு."

கமோடுகளைத் திரும்ப எடுத்துப் போக இரண்டு நாள் ஆனது. நீலத்தை எதிர் வீட்டு அம்மா முறைப்படி கடையில் வாங்கிக்கொண்டதாகக் கேள்வி. சமாளி அண்ணன் மாமியாரை இப்போது மரியாதையாக "அம்மா" என்கிறார்.

வெள்ளிக்கிழமை மேனேஜர் என்னை உள்ளே கூப்பிட்டுக் கடிதத்தை நீட்டினார். வேலை நிரந்தரம், கம்பெனி முத்திரை, கையெழுத்து. நின்றபடியே முழுக்கப் படித்தேன். என் பெயர், வேலை, சேர்ந்த தேதி எல்லாம் இருந்தது. சம்பளம் என்ற இடத்துக்கு எதிரே மட்டும் ஒன்றும் இல்லை.

கடிதத்தைத் திருப்பி அவர் பக்கம் தள்ளினேன்.

"என்னம்மா? அதை அப்புறம் போட்டுக்..." என்று ஆரம்பித்தவர் என்னைப் பார்த்ததும் நிறுத்திக்கொண்டார். பேனாவை எடுத்தார். எழுதினார். நான் எட்டிப் பார்த்தேன். இன்னும் கொஞ்சம் பார்த்துக்கொண்டே நின்றேன். அவர் பெருமூச்சு விட்டு, அதை அடித்துவிட்டு மேலே வேறு எழுதி, பக்கத்தில் கையெழுத்தும் போட்டார்.

"கேட்டதெல்லாம் குடுத்தாச்சு. இன்னும் ஏன் மூஞ்சியைக் கடுகடுன்னு வச்சிருக்கே?"

"என் மூஞ்சியே அதுதான் சார்" என்று சொல்லிவிட்டு, கடிதத்தோடு நேராக வீட்டுக்காரரைப் பார்க்கக் கிளம்பினேன். அரை நாள் லீவு. கேட்கவில்லை, சொல்லிவிட்டுத்தான் போனேன்.